கட்டிலுக்கடியில் ஒரு போர்டு

"எலெக்சன்ல நான் ஜெயிச்சது செல்லுமா செல்லாதான்னு இனிமே யாருமே சொல்லமாட்டாங்களாம். அப்பாடா!"

பாரிமுனையிலிருந்து அடையாறு போகும் பேருந்தில், எனக்கு முன் இருக்கையில் இருந்த அம்மாள் இதைச் சொல்லிவிட்டுச் செருப்பைக் கழற்றிக் காலை நீட்டிக்கொண்டார். நான் செய்தித்தாளை மடித்துவிட்டேன்.

பக்கத்திலிருந்த இளம்பெண், "இன்னாக்கா, தீர்ப்பு வரலியா?" என்றாள்.

"கவுன்சிலர் பதவிக்காலமே முடிஞ்சுபோச்சு, இனிமே விசாரிச்சு இன்னா ஆவப்போதுன்னு ஜட்ஜ் கேஸை மூடிட்டாரு."

"கேஸ் போட்டவரு கத்தலியா?"

"எங்க கத்துறது? என்கிட்ட தோத்துட்டு, அஞ்சு வருசமா என்கூடவே கோர்ட்டு பெஞ்சுல குந்திக்கினு இருந்த மனுசன். வெளில வந்து அவருதான் டீ வாங்கிக் குடுத்தாரு."

"ஒவ்வொரு வாய்தாவுக்கும் நீ பயந்துக்கினேதானேக்கா போவே."

"பின்னே? பதவி போயிட்டா அசிங்கமாப் பூடும்னு வாசல்ல கவுன்சிலர் போர்டுகூட மாட்டலியே. பழைய புடவையில சுத்தி, கட்டிலுக்கடியில அப்படியே கீது."

"இனிமே அது இன்னாத்துக்கு?"

"'முன்னாள்'னு சேர்த்து எழுதி நாளைக்கே மாட்டப்போறேன். அது செல்லாதுன்னு எவன் கேஸ் போடுவான்?"