நான் நோன்பு ஏற்கவில்லை

செஞ்சி காவல் நிலையம். 1964ஆம் வருடம் மார்ச்சு மாதம் 19ஆம் தேதி, பகல் பதினொரு மணி. கோர்ட் உத்தரவின் பேரில் விசாரித்தபோது கொடுத்த வாக்குமூலம்.

என் பெயர் ஜ்வாலாமாலினி. வயது 61. காலஞ்சென்ற சந்திரப்பிரபு நயினாரின் மனைவி. தொண்டூரில் தனியாகக் குடியிருக்கிறேன். பிள்ளைகள் இல்லை. நோய் எதுவும் இல்லை. பொழுது சாய்வதற்குள் இரண்டு வேளை நன்றாகச் சாப்பிடுகிறவள்.

என் கணவருக்குப் பின் கிணற்றோடு கூடிய ஒன்றரை ஏக்கர் மணிலாக் கொல்லை என் அனுபவத்தில் இருக்கிறது. அதைத் தனக்கு எழுதித் தரும்படி என் கொழுந்தன் வாசுபூஜ்யன் கேட்டு, நான் மறுத்ததால் முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டு நடந்துவருகிறது. சென்ற மாசியில் அவர் என் வீட்டுக்கு வந்தார். சத்தம் போடவில்லை. "கையெழுத்தெல்லாம் வாணாம் அண்ணி. இருக்கிறவரைக்கும் நீங்களே வெச்சிக்கோங்க" என்று சொல்லிச் சிரித்துவிட்டுப் போனார். அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை.

அதன் பிறகு மூன்றாம் நாள் வல்லத்திலிருந்து இரண்டு பெண்கள் வந்து, என் காலில் விழுந்து, தங்கள் பிழைகளைப் பொறுக்கும்படி கேட்டார்கள். நான் கையில் சோற்றுக் கிண்ணத்தோடு இருந்தேன். நான் சல்லேகனை ஏற்றிருப்பதாகக் கொழுந்தன் சொன்னாராம். அது எங்கள் சமண சமயத்தில் முதியவர்கள் குருவிடம் அனுமதி பெற்று, தாமே மனமுவந்து உணவைத் துறந்து உயிர்விடும் நோன்பு. என் மாமியார் ஏற்றார். நானே அவரை வணங்கியிருக்கிறேன். நான் ஏற்கவில்லை என்று சொன்னேன். ஒருத்தி என் கிண்ணத்தை மெதுவாக வாங்கிக் கீழே வைத்து, "மனசு தளரக்கூடாதும்மா" என்றாள்.

அதன் பிறகு தினமும் ஆட்கள் வந்தார்கள். நான் மறுக்க மறுக்க இன்னும் குனிந்து கும்பிட்டார்கள். மளிகைக் கடை தாண்டவராயனிடம் அரிசி கேட்டதற்கு, "இன்னாம்மா இது, உங்க நோன்ப கெடுத்த பாவம் எனக்கு வாணாம்" என்று கடையைச் சாத்தினார். எங்கள் நெல் குதிர் கொழுந்தன் வீட்டில் இருக்கிறது. கொல்லையில் பிடுங்கிய பச்சை மணிலாக்கொட்டையைத் தின்றேன். இளைத்தேன். இளைத்ததைப் பார்த்து அவர்களுக்கு நம்பிக்கை கூடியது.

அதன் பிறகு, முன்காலத்தில் நோன்பு ஏற்றவர்கள் படுத்து உயிர்விட்ட எங்கள் ஊர் மலைக்குப் போய்ப் பார்த்தேன். பழைய கற்படுக்கைகளில் ஒன்றைக் கழுவித் தர்ப்பை பரப்பியிருந்தார்கள். புல் ஈரமாக இருந்தது. சாண் போட்டுப் பார்த்தேன், என் உயரத்துக்குச் சரியாக இருந்தது. அன்றே பஸ் ஏறிச் செஞ்சிக்கு வந்து கோர்ட்டில் மனுக் கொடுத்து, ஓட்டலில் ஆறு இட்லி சாப்பிட்டு, அரிசியும் வாங்கிப்போனேன். மறுநாள் நான் கிணற்றுக்குப் போன நேரத்தில், துறந்தவள் வீட்டுப் பொருள் என்று அரிசியையும் சோற்றுப் பானையையும் யாரோ கோயிலில் கொண்டுபோய் வைத்துவிட்டார்கள்.

நேற்று சம்மன் கொண்டுவந்த கோர்ட் சேவகரும் வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டுக் கைகூப்பித்தான் நின்றார். நான் செத்தால் யாரும் போலீசுக்குச் சொல்ல மாட்டார்கள். பூப்போட்டு எடுத்துப்போவார்கள். ஆகவே வழக்கு முடியும்வரை ஒரு காவலர் தினமும் பொழுது சாய்வதற்குள் வந்து, நான் சாப்பிடுவதைப் பார்த்து எழுதிக்கொண்டு போக வேண்டும்.

மேலே எழுதியதைப் படிக்கக் கேட்டேன். நான் சொன்னபடியே இருக்கிறது, அத்தனையும் நிஜம். இப்போது எனக்குப் பசிக்கிறது என்பதையும் சேர்த்து எழுதச் சொல்லி, அதற்குக் கீழே கையெழுத்துப் போடுகிறேன்.

(ஒப்பம்) ஜ்வாலாமாலினி