பதினொரு ஜிபி பிரெஞ்சு

ஜோசெத் மதாம் கேம் மெஷினைத் துணிப்பையில் வைத்து என் கடைக்குக் கொண்டுவந்தபோது காலை பதினொன்றே கால். டீ அப்போதுதான் வந்திருந்தது. இன்னொன்று சொல்லட்டுமா என்று கேட்டேன். வேண்டாம், சர்க்கரை இருக்கிறது என்றார். உங்கள் அம்மாவுக்கும் எனக்கும் எந்தக் கசப்பும் இருந்ததில்லை, பாஸ்கால் சார். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

"பேரன் லீவுக்கு வர்றான் தம்பி. ஃபுட்பால் கேம் போடணுமாம். மெஷின்ல எடமே இல்ல, அன்பழகன் அண்ணன்கிட்ட குடுத்து எடம் பண்ணி வை மெமேன்னு பாட்டிக்கே போன்ல ஆர்டர் போட்டுட்டான்" என்றார்.

பேரன் என்றால் உங்கள் மகன். அதைக் குற்றமாகச் சொல்லவில்லை. நடந்த வரிசையில் சொல்கிறேன்.

இடம் பண்ணிக் கொடுப்பது என் தொழில். முத்தியால்பேட்டையில் இதற்கென்று கடை வைத்திருப்பவன் நான் ஒருவன்தான். மெஷின்கள் பழையவை, விளையாட்டுகள் ஒவ்வொரு வருடமும் பருத்துக்கொண்டே போகின்றன. ஆனால் ஒரு விளையாட்டைத் திறந்து பார்த்தால் பாதிக்குமேல் யாரும் தொடாதது. முடித்துவிட்ட கதைப்பகுதி. தனியாக ஆடுகிறவனுக்கு இணைய ஆட்டம். சின்ன டிவியில் தெரியவே தெரியாத பெரிய படங்கள். பிறகு குரல்கள். ஒரே காவல்காரன் எட்டு மொழியில் வழி சொல்வதற்கு உள்ளே காத்திருப்பான். அவர்களில் ஏழு பேரை அனுப்பிவிடலாம். விளையாடுகிறவருக்குத் தெரியாது. தெரியாமல் எடுப்பதில்தான் வேலை இருக்கிறது. கடை முகப்பில் எழுதி வைத்திருக்கிறேன்: இடம் கிடைக்கும், எதுவும் குறையாது.

பிரெஞ்சுக்காரர்கள் ஆண்ட இந்த ஊரில் ஒரு கூடுதல் கேள்வி உண்டு. பிரெஞ்சு குடியுரிமை உள்ள வீட்டு மெஷின் என்றால், பிரெஞ்சுக் குரலை விட்டுவைக்கட்டுமா என்று கேட்பேன். கடலூரில் கடை போட்டவனுக்கு அந்தத் தொல்லை இல்லை. அன்று நான் கேட்கவில்லை. டீ ஆறிக்கொண்டிருந்தது. உங்கள் அம்மா கிளம்பிவிட்டார்.

மெஷினில் பெரிய விளையாட்டு ஒன்றுதான் இருந்தது. பழைய காலத்துத் துறைமுக நகரம், கப்பல்கள், வாள் சண்டை. அதைப் பல நூறு மணி நேரம் யாரோ ஓட்டியிருக்கிறார்கள். முடித்தது மூன்று சதவீதம். நான் சிரித்துவிட்டேன். மூன்று சதவீதத்தைத் தாண்டாத ஒருவர் எந்த மொழியில் தாண்டாமல் இருந்தால் என்ன. ஆங்கிலத்தை வைத்துக்கொண்டு மற்றதை எடுத்தேன். பிரெஞ்சு மட்டும் பதினொரு ஜிபி. கால்பந்து விளையாட்டு கச்சிதமாக உட்கார்ந்தது.

உங்கள் மகன் வந்தான், ஒரு சாயங்காலம் ஆடினான், படம் மங்கலாக இருக்கிறது என்று சொல்லிவிட்டு மீதி விடுமுறை முழுவதும் போனைப் பார்த்துக்கொண்டிருந்தான். விவரம் முழுமையாக இருக்க வேண்டும் என்பதற்காகச் சொல்கிறேன்.

அவன் ஊர் திரும்பிய பிறகு உங்கள் அப்பா வந்தார். இஸ்திரி போட்ட சட்டை, முதுகு நேராக. கடையில் கல்லூரிப் பையன்கள் சிலர் இருந்தார்கள். அவர்களுக்கு நான் என் வேலையை விளக்கிக்கொண்டிருந்தேன். இத்தனை வருடத்தில் ஒரு ஆள்கூடத் திரும்பி வந்து இதைக் காணோம் என்று சொன்னதில்லை என்று சொல்லி முடித்திருந்தேன்.

"போன்ழூர் தம்பி" என்றார் எமீல் ஐயா. "எங்க வீட்டு மெஷின்லேருந்து எதையோ எடுத்துட்ட."

"இன்னா தாத்தா, நீங்களும் கேம் ஆடுற ஆளா? ஹெட்ஷாட்லாம் அடிப்பீங்களா?" என்றான் ஒருவன்.

"நெசமாவே சுட்டவன்டா நானு. பிரெஞ்சுப் பட்டாளத்துல சொல்தா. இதுல சும்மா நடக்குறதோட சரி."

"எங்க நடப்பீங்க?"

"துறைமுகத்துக்கு. அங்க ஒரு விளக்குக்காரி நிப்பா. கிட்ட போனா, வந்துட்டீங்களா, இருட்டப் போவுது, ஒரு விளக்கு எடுத்துக்குங்கன்னு பிரெஞ்சுல சொல்லுவா. இப்ப வேற எவளோ இங்கிலீஷ்ல பேசுறா."

"தாத்தாவுக்கு பிரெஞ்சு ஆளுதான் வேணுமாம்டா."

பையன்கள் சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை.

"அது எம் பொண்ணு" என்றார். "வலேரி."

உங்கள் தங்கை விபத்தில் இறந்த செய்தி வந்தபோது தெருவே உங்கள் வீட்டு வாசலில் நின்றது. நானும் நின்றேன். அவர் பாரிஸில் குரல் கொடுக்கும் வேலை பார்த்தார் என்று கேள்விப்பட்டிருந்தேன். இதைச் சேர்த்துப் பார்க்க எனக்கு ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. நான் எடுத்த பதினொரு ஜிபிக்குள் அவர் இருந்தார்.

இங்கே நீங்கள் கவனிக்க வேண்டியது, அது திரும்ப வரக்கூடிய பொருள். கால்பந்தை எடுத்துவிட்டு, பட்டியலில் பிரெஞ்சுக்கு எதிரே ஒரு டிக் போட்டால் போதும். அவர் ஒரு டீ குடித்து முடிப்பதற்குள் இறங்கிவிடும். ஆனால் கடையில் பையன்கள் இருந்தார்கள். சற்றுமுன் நான் சொல்லியிருந்த வாக்கியம் இன்னும் காற்றில் இருந்தது.

"அது எப்பவுமே இங்கிலீஷ்தான் முசியே" என்றேன். "நான் எதையும் எடுக்கல."

மறுநாள் அவர் மெஷினையே தூக்கிக்கொண்டு வந்தார். மொழிப் பட்டியலைத் திரையில் காட்டினேன். ஆங்கிலத்துக்கு நேராக மட்டும் டிக் இருந்தது. கீழே தள்ளினால் பிரெஞ்சு வரும். நான் தள்ளவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தார்.

"அவதான் தம்பி வாங்கி அனுப்புனா, அவ பேர்லயே கணக்கு போட்டு. பப்பா, துறைமுகத்துக்குப் போங்க, அங்க நான் இருக்கேன்னு சொன்னா. யார்கிட்டயும் சொல்லாதீங்க, சின்ன பார்ட்டுதான், அண்ணன் கிண்டல் பண்ணுவான்னா."

அண்ணன் என்றால் நீங்கள். இதையும் குற்றமாகச் சொல்லவில்லை.

அதற்கு அடுத்த நாள் உங்கள் அம்மா தனியாக வந்தார். நாற்காலி போட்டேன், உட்காரவில்லை.

"தம்பி, நீ மெஷின் தெரிஞ்சவன். ஒண்ணே ஒண்ணு கேக்குறேன். அதுல எம் பொண்ணு பேசுனாளா?"

"நீங்க கேட்டதே இல்லையா மதாம்?"

"அவ போனதுலேருந்து அந்த ரூம்ல டிவி ஓடுனா நான் உள்ள போறதில்ல. அவரு கதவ சாத்திக்கிட்டு சிரிப்பாரு. வுய் வுய்னு, ஆமா ஆமான்னு பதில் சொல்லுவாரு. எனக்கு பயமாருக்கும். நெசமாவே அவ பேசியிருந்தா மனுஷன் நல்லாத்தான் இருக்காருன்னு அர்த்தம். இல்லன்னா..." என்றார்.

நான் ஆமாம் என்று சொல்லியிருந்தால் அவர் அழுதிருப்பார். முந்தின நாள் ஏன் இல்லை என்றாய் என்று கேட்டிருப்பார். எனக்கு அழுகிறவர்களிடம் பேச வராது.

"மொதல்லேருந்தே இங்கிலீஷ்தான் மதாம்" என்றேன். "அவருக்குக் கேட்டிருக்கும். அப்படி சில பேருக்குக் கேக்கும்."

"மெர்சி தம்பி" என்றார். உங்களுக்கு அன்றிரவே போன் செய்தார் என்று பிறகு தெரிந்தது. அப்பாவுக்கு டிவியில் வலேரி பேசுவது கேட்கிறது என்றிருக்கிறார். நல்ல நரம்பு டாக்டராகப் பார்க்கச் சொன்னீர்கள். அந்தச் சூழ்நிலையில் நானும் அதையே சொல்லியிருப்பேன்.

டாக்டரிடம் நானும் போனேன். உங்கள் அம்மா கேட்டுக்கொண்டார். வீட்டுக்குள் வெளிச்சத்தம் ஏதாவது வந்து, அதை இவர் மகளின் குரல் என்று எடுத்துக்கொண்டிருக்க முடியுமா என்று டாக்டர் கேட்டார். மெஷினில் என்ன இருக்கிறது, என்ன இருக்க முடியாது என்று பொறுமையாக விளக்கினேன். "ஃபேமிலி மெம்பர்ஸ்கூட இவ்ளோ தெளிவா சொல்ல மாட்டாங்க" என்று அவர் என்னைப் பார்த்துச் சொன்னார். அப்பா பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார். எங்கள் இரண்டு பேர் வாயையும் மாறி மாறிப் பார்த்தார். மாத்திரை எழுதினார்கள்.

மாத்திரை வேலை செய்தது. கடற்கரைச் சாலைக்கு நடக்கப் போவது நின்றது. சவரம் வாரத்துக்கு ஒன்றாகக் குறைந்தது. எதையும் கேட்பதில்லை. வீடு அமைதியாக இருக்கிறது என்று உங்கள் அம்மா சொன்னார். நான் அதைப் பாராட்டாக எடுத்துக்கொண்டேன்.

என் மனைவி துர்காவிடம் மட்டும் நடந்ததைச் சொல்லியிருந்தேன். அவள் மீன் கழுவிக்கொண்டிருந்தாள்.

"போட்டுக் குடுத்துட்டு வந்தா இன்னா? உங்க கிரீடம் எறங்கிடுமா?"

"இப்ப போட்டா அவங்க குழம்பிடுவாங்க."

"யாரு குழம்புவாங்க? நீங்கதான் மாட்டுவீங்க" என்றாள். அதற்குப் பிறகு அவள் இதைப் பற்றிப் பேசவில்லை. ஆனால் நான் மாட்டுவேன் என்று அவள் சொன்னது சரி. திரும்பக் கொண்டுவர வழி இருக்கும்வரை நான் பொய் சொன்னவன். வழி இல்லை என்றால் அது முடிந்துபோன விஷயம்.

எனவே உங்கள் வீட்டுக்குப் போனேன். அந்த விளையாட்டு கண்ணில் படும்வரை ஐயாவுக்கு நினைப்பு வந்துகொண்டே இருக்கும், முழுதாக எடுத்துவிடுவது நல்லது என்றேன். உங்கள் அம்மா ஒத்துக்கொண்டார். அதோடு விட்டிருக்கலாம். விளையாட்டை எடுத்தாலும் கணக்கில் அது தங்கும், வேறு யாராவது மறுபடி இறக்க முடியும். கடைகளில் அதை விற்பதை எப்போதோ நிறுத்திவிட்டார்கள் என்பது எனக்குத் தெரியும். கணக்கு போனால் விளையாட்டும் போகும். இறந்தவர் பெயரில் கணக்கு கிடப்பது நல்லதில்லை, யாராவது திருடித் தப்பாகப் பயன்படுத்துவார்கள் என்று சொன்னேன். அவர் வலேரியின் போனை எடுத்துவந்தார். இன்னும் சார்ஜ் போட்டு வைத்திருக்கிறார். அதில் ஒரு எண் வந்தது. அவர் படித்தார், நான் அடித்தேன். உறுதிதானா என்று இரண்டு முறை கேட்டது. இரண்டு முறையும் ஆமாம் என்றேன்.

மெஷினில் முக்கால்வாசி காலியானது. அவ்வளவு இடத்தை அதில் நான் பார்த்ததில்லை.

அப்பா அறை வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். முடித்துவிட்டுக் கிளம்பும்போது என் கையைப் பிடித்தார்.

"பார்தோன் தம்பி. நாலு பேர் எதிர்ல உன்ன திருடன் மாதிரி கேட்டுட்டேன். எனக்குத்தான் புத்தி தடுமாறிப்போச்சு. மனசுல வச்சுக்காத."

அதெல்லாம் ஒன்றுமில்லை ஐயா என்றேன். உண்மையிலேயே மன்னித்தேன். மனதில் ஒன்றும் வைத்துக்கொள்ளவில்லை.

நீங்கள் கேட்டதற்கு இப்போது நேராகவே பதில் சொல்கிறேன். பிரெஞ்சை எடுத்தது நான். அது இருந்ததே இல்லை என்று சொன்னதும் நான். தெரிந்தேதான் சொன்னேன், ஐந்தாறு முறை, டாக்டர் எதிரில் உட்பட. கணக்கை மூடினால் திரும்பாது என்று தெரிந்துதான் மூடினேன். ஆனால் நான் யாருக்கும் கெடுதல் நினைக்கவில்லை. அவர் நோயாளி ஆனது டாக்டர் சொல்லித்தான்.

பாரிஸில் உங்கள் தங்கையோடு வேலை செய்த பெண் அந்தத் துறைமுகக் குரலைப் பத்திரமாக வைத்திருந்ததும், நீங்கள் அதை வாங்கிக்கொண்டு விமானம் ஏறியதும் நல்ல விஷயங்கள். எனக்கும் சந்தோஷம்தான். நேற்று அதை அப்பாவுக்குப் போட்டுக் காட்டினீர்களாம். உங்கள் அம்மா சொன்னார். அவர் முழுதாகக் கேட்டுவிட்டு, போனை மரியாதையாக உங்களிடமே திருப்பிக் கொடுத்து, "இப்டி கேக்கும்னு டாக்டர் சொல்லிருக்காரு, பயப்படாத" என்றாராம்.

நீங்கள் வருவதற்குச் சற்றுமுன்தான் அவர் இங்கிருந்து போனார். எத்தனையோ மாதத்துக்குப் பிறகு தனியாக நடந்து வந்திருந்தார். சட்டைப் பொத்தானை மாற்றிப் போட்டிருந்தார். டீ சொன்னேன், குடித்தார். கடையில் வேறு ஆள் இல்லை. என் பக்கம் குனிந்து, வீட்டில் உள்ளவர்கள் ஆறுதலுக்காக எதையாவது சொல்வார்கள், நீ மட்டும்தான் என்னிடம் இல்லாததை இல்லை என்று சொன்னவன், அதனால் உன்னிடம் கேட்கிறேன் என்றார்.

"வலேரின்னு எனக்கு ஒரு பொண்ணு இருந்தாளா தம்பி, இல்ல அதுவும் நானா நெனச்சிக்கிட்டதா?"