சுலக்ஷனாவின் பிறந்தநாள்

நாகலெட்சுமி: அதெல்லாம் கேக்காதீங்க மிஸ். பிளேன்டீ ஆறுது, குடிங்க.

றொசானா: குடிக்கிறேன் அம்மா. ஆனா நாங்க எடுக்கிற படத்துக்கு இதுதான் முக்கியம். ஒங்க மக சுலக்ஷனா இன்னைக்கு எவ்வளவு பெரிய பாட்டுக்காரி! மார்ச் ஒன்பதாம் தேதியானா ஹட்டன் டவுன்ல பேனர் கட்டி கேக் வெட்டுறாங்க. பெத்தவ நீங்க, ஒரு போன் கூட எடுக்க மாட்டீங்களாமே?

நாகலெட்சுமி: ...இங்க சிக்னல் கெடைக்காது.

விஜிதரன்: எனக்கு நாலு கோடு காட்டுதே அம்மா.

நாகலெட்சுமி: கெமரா புடிக்கிற தம்பிக்கு வாய் ரொம்ப நீளம்!

றொசானா: அவன விடுங்க. டீவியில அவங்க அழுதத பாத்தீங்களா? "நான் பொறந்ததே எங்கம்மாவுக்குப் புடிக்கல"ன்னு...

நாகலெட்சுமி: அடிப்பாவி மகளே! அப்புடியா சொன்னா?

றொசானா: அப்ப ஏன் அம்மா...

நாகலெட்சுமி: அவ பர்த் சேட்டிபிக்கட்டுத்தானே கேட்டீங்க? இந்தா. படம் புடிச்சிக்கிட்டு கெளம்புங்க. நான் தேயிலக் கொழுந்து நிறுக்கப் போவணும்.

றொசானா: சரி, சரி, கோவிக்காதீங்க. விஜி, கிட்ட வா. பேரு சுலக்ஷனா... தொண்ணூத்தேழு மார்ச் ஒன்பது... இதுக்குள்ள இன்னொன்னு மடிச்சிருக்கே?

நாகலெட்சுமி: ஐயோ, அதத் தொடாதீங்க! குடுங்க இங்க!

விஜிதரன்: றொசானா... இது செத்ததுக்குக் குடுக்கிற சேட்டிபிக்கட்.

றொசானா: செத்தது யாரு?

விஜிதரன்: சுலக்ஷனா. அதே அப்பா, அதே அம்மா. ஒரு வயசுல செத்திருக்கு.

றொசானா: மாதாவே! போன வாரந்தானே அவங்களோட ஒக்காந்து சோறு தின்னேன்!

நாகலெட்சுமி: ...கெமராவ நிப்பாட்டுங்க.

விஜிதரன்: நிப்பாட்டியாச்சு.

நாகலெட்சுமி: அவ மூத்தவ. வயித்தால போச்சு, ரெண்டே நாள். தோட்டத்து லொறி வரல. ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டு ஓடுறேன், பாதி வழியில கையிலயே போயிட்டா. அடுத்தவ இந்த லயத்து வீட்டுலயே பொறந்தா. பதிய யாரும் போவல. ஸ்கூல்ல சேக்கப் போனா சேட்டிபிக்கட் இல்லாம முடியாதுன்னுட்டாங்க. வீட்டுல ஒன்னு சும்மாதானே கெடந்துச்சு...

றொசானா: செத்த புள்ளையோட பேர்லயா? அப்ப மார்ச் ஒன்பது?

நாகலெட்சுமி: செத்தவ பொறந்த நாளு. அன்னைக்கு அவளுக்கு வெளக்கேத்தி அழுவேன். அழுத வாயால இவள எப்புடி வாழ்த்துறது? செத்தவ நாள்ல வாழ்த்தி, இவளுக்கும் ஏதாவது ஆயிருச்சுன்னா? பயம் மிஸ்.

றொசானா: இத அவங்ககிட்ட சொல்லியிருக்கலாமே!

நாகலெட்சுமி: சொல்லிட்டு? கள்ளச் சேட்டிபிக்கட்டுன்னு பாஸ்போட்ட புடுங்கிருவாங்க. அவ பொழப்பே போயிரும். சத்தியம் பண்ணுங்க மிஸ், இது அவ காதுக்குப் போவக் கூடாது.

விஜிதரன்: சொல்லிரு றொசானா.

நாகலெட்சுமி: என்னத்த?

றொசானா: மன்னிச்சிருங்க அம்மா... கெமராவத்தான் நிப்பாட்டினோம். போன நிப்பாட்டல. ஒங்க வாயால காரணத்தக் கேக்கணும்னு அவங்கதான் சொன்னாங்க. காலையில இருந்தே லைன்ல இருக்காங்க.

நாகலெட்சுமி: அட சண்டாளங்களா! என் வயித்துல அடிச்சிட்டீங்களே!

சுலக்ஷனா: (போன்ல) அம்மா... அப்ப நான் எப்பத்தான் பொறந்தேன்?

நாகலெட்சுமி: தீவாளிக்கு மொத நாள். எங்க பாடப் போனாலும் அன்னைக்கு வீட்டுக்கு வந்துருன்னு வருசா வருசம் ஒன் உசுர வாங்குவேனே... தலையில எண்ணெ வச்சி, மொத முறுக்க ஒன் வாயில ஊட்டினதெல்லாம் தீவாளிக்குன்னா நெனச்ச, பாவி மகளே?