ஆடு அடிச்ச மணி

வேணாம் சாமி, அந்த சாவி ஒங்க கையிலயே இருக்கட்டும். மொதல்ல குந்துங்க. இனிமே வூட்டு சாவி ஒன்கிட்டயே இருக்கட்டும் புஷ்பம்னு சொல்லி அனுப்பிச்சானா என் புருசன் வால்டரு? அவன் வூட்டுப்பக்கம் வரமாட்டான், பாதர் சாமிய தூது வுடுவான்.

ஆமா, ராயபுரமே சிரிக்கிது. நானுந்தான் சிரிச்சேன். ஜப்பான்காரன் குண்டு போட வந்தா நம்ம கோயில் மணி விடாம அடிக்கும்னு நீங்கதான பூசையில சொன்னீங்க? மணியடிக்கிற கோயில்புள்ள ஹென்றி இன்னா பண்ணாரு, திருநாளுக்கு வாங்கின ஆட்ட அந்த மணிக்கயித்துலயே கட்டிட்டாரு. அது முருங்கக்கொப்ப எட்டி எட்டி இழுக்குது, மணி கணகணன்னு அடிக்குது, சனம் மொத்தமும் செங்குன்றம் பக்கம் ஓட்டம்! கிருஷ்ணப்பன்கிட்ட சவரத்துக்கு குந்தினவன் ஒரு கன்னத்துல சோப்போட ஓடினான். அடைக்கலமேரி கொதிக்கிற மீன்கொழம்ப சட்டியோட தூக்கினு போச்சாம், ரோடெல்லாம் கொழம்பு. நீங்க கூட... சரி வுடுங்க, அத நான் யார்கிட்டயும் சொல்லல.

நான் எங்க ஓடறது சாமி? கால் ஒடஞ்சி, புத்தூர் கட்டோட பாயில கெடந்தேன். வால்டரு சண்டசேவல அக்குள்ல இடுக்கிகினு, ரிக்‌ஷா இட்டாரேன் புஷ்பம், பயப்படாதன்னு போனான். எல்லாம் அடங்கின பொறவு வூட்டுக்கு வராம நேரா கோயிலுக்கு வந்துகீறான், சேவலோட. ரிக்‌ஷாவே கெடைக்கல, கூட்டம் தள்ளினு போயிடுச்சின்னு ஒங்ககிட்ட அழுதானா?

பயத்துல மனுசனுக்கு புத்தி மாறிப்பூடும், மன்னிச்சிருன்றீங்க. ஓடினத மன்னிச்சிட்டேன் சாமி, சத்தியமா. எனக்கு மட்டும் கால் இருந்தா நானுந்தான் ஓடியிருப்பேன்.

ஆனா அவன் கதவ சாத்தி, வெளிய பூட்டு போட்டான். தெனம் வேலைக்கு போறப்ப பண்ற மாதிரியே பூட்ட ரெண்டு வாட்டி இழுத்துப் பாத்தான். யோவ், நான் உள்ள கீறன்யான்னு கத்தினேன். இழுக்கறது நின்னுச்சி. கேட்டுடுச்சி அவனுக்கு, தொறக்கப்போறான்னு கதவையே பாத்துகினு கெடந்தேன். செருப்பு சத்தம் படியெறங்கி போச்சி. அங்கதான் சாமி எனக்கு வுட்டுப்போச்சி.

அதனால சாவிய அவன்கிட்டயே குடுத்துருங்க. அவனுக்கு இன்னும் தெரியாது, அந்த பூட்டே இப்ப இல்ல. எதிர்வூட்டு அத்தாவுல்லா பாய் கடப்பாறையால ஒடச்சிதான் என்ன வெளிய தூக்கினாரு.