ஏழாவது கோடு

முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன், ஐயா. உங்கள் அறை அடுப்பின் புகைக்குழாய் சுவருக்குள் போகும் இடத்தில் அரை விரல் சாய்ந்திருக்கிறது. ஆபத்தில்லை. ஆனால் கண்ணில் பட்டதைச் சொல்லாமல் விட்டது எனக்கு ஒருமுறை போதும்.

என் பெயர் தோஷ்மத். கோகந்த் சந்தையின் தகரக்காரர் வரிசையில் ஐம்பது ஆண்டுகளாக உட்கார்ந்திருக்கிறேன். நான் செய்த குழாய் எப்படி இழுக்கும் என்றால், ஒரு குளிர்காலத்தில் அடுப்பின் மேலிருந்த தேநீர்ப் பாத்திரத்தையே உறிஞ்சிக் கூரைக்கு வெளியே போட்டது. மூன்று தெரு தள்ளி விழுந்தது. தேநீர் சிந்தவில்லை. குடித்தவர்கள் இன்னும் இருக்கிறார்கள், கேட்டுப் பாருங்கள்.

எதிர்க்கடை எகம்பெர்தியுடையது. இரண்டு துண்டு சேர்ந்து முழங்கைபோல் வளையும் குழாயைச் செய்ய நான் முதலில் தாளில் வரைவேன். குழாயின் சுற்றளவைப் பன்னிரண்டாகப் பிரித்து, இணையாகக் கோடுகள் இழுத்து, ஒவ்வொரு கோட்டிலும் அதற்குரிய உயரத்தைக் குறிப்பேன். புள்ளிகளைச் சேர்த்தால் ஓர் அலை வரும். அதைத் தகரத்தில் வெட்டி உருட்டினால் வளைவின் வாய் அச்சாக வந்துவிடும். எகம்பெர்தி கண்பார்வையிலேயே வெட்டுவான். வெட்டிக்கொண்டே என்னைப் பார்த்துக் கேட்பான்: "என்னடா முல்லா, இன்னும் கோடு போட்டு முடியலையா? பனி உருகிடப் போகுதுடா."

ஒரு கல்யாண விருந்தில், பிலாவ் தட்டுகளைச் சுற்றி நாற்பது பேர் இருக்கும்போது சொன்னான்: "தோஷ்மத்துக்குச் சோத்துலயும் பன்னெண்டு கோடு போட்டுக் குடுங்கப்பா, இல்லேன்னா வாய்க்கு வழி தெரியாம நிப்பான்." அந்த நாற்பது பேரில் அதிகம் சிரித்தது நான்தான்.

போன இலையுதிர் காலத்தில் அவன் கண்களில் புரை விழுந்தது. எங்கள் வரிசையில் ஒரு வழக்கம் உண்டு: தகரக்காரன் தன் வீட்டு அடுப்புக்குழாயைத் தானே வெட்டிப் பூட்ட வேண்டும். அடுத்தவன் செய்த குழாய் தன் வீட்டில் ஏறினால், பிறகு தன் கடைக்கு யாரும் வரமாட்டார்கள். ஒரு காலை, கடைகள் திறக்கும் முன்பே வந்து நின்றான்.

"உன் தாள் ஒண்ணு வரைஞ்சு குடுடா. வெட்டறது நான்தான். வெளியே சொல்லிடாதே."

"கோடு தெரியுமாடா உனக்கு?"

"விரலால தடவிக்குவேன். கண்ணுதானே போச்சு, வாய் இருக்குல்ல."

வரைந்து கொடுத்தேன். ஏழாவது கோட்டில் மட்டும் அரை விரல் குறைத்தேன். ஏழாவது கோடு முழங்கையின் முதுகு. கூரையைப் பார்த்திருக்கும், கீழே நிற்பவருக்குத் தெரியாது. இரண்டு துண்டுக்கும் ஒரே தாள் என்பதால் அரை விரல் ஒரு விரலாகும். கூரை கறுக்கும், வருகிறவர்கள் பார்த்துச் சிரிப்பார்கள். அவ்வளவுதான் நினைத்தேன்.

முதல் பனி விழுந்ததும் வீட்டுக்கு அழைத்தான். அவன் மனைவி சலோமத் தேநீரும் சீமைமாதுளை ஜாமும் வைத்தாள். "முப்பது வருஷம் உங்க கோட்டைக் கிண்டல் பண்ணின மனுஷன், அண்ணா, இப்ப அந்தத் தாளை என் கல்யாணப் பெட்டியில மடிச்சு வெச்சிருக்கார்" என்றாள்.

எகம்பெர்தி குரலைத் தாழ்த்தினான். "உன் தாள் சுத்தம்டா. என் கைதான் தவறிடுச்சு. முதுகுல ஒரு விரல் வாயைப் பொளந்துக்கிச்சு. களிமண் வெச்சு அடைச்சிருக்கேன். ஏறிப் பாரேன், உனக்குத்தான் கண்ணு இருக்கே. தாங்குமா?"

முக்காலியில் ஏறிப் பார்த்தேன். களிமண்ணில் மயிரிழை போல ஒரு விரிசல் ஓடத் தொடங்கியிருந்தது. சூட்டில் அது என்னவாகும் என்று எனக்குத் தெரியும். கனிந்த நிலக்கரியின் நச்சுக்காற்றுக்குப் புகையும் கிடையாது, வாசமும் கிடையாது என்றும் தெரியும். என் கோடுதான் தப்பு என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் அடுத்த விருந்தில் அதையும் சொல்லிச் சிரிப்பான்.

"தாங்கும்" என்றேன். இறங்கி வந்து ஜாம் இன்னொரு கரண்டி போட்டுக்கொண்டேன்.

பதினோராம் நாள் காலை அவர்கள் வீட்டுக் கதவு திறக்கவில்லை. இருவரையும் பாயோடு தூக்கி வெளியே கொண்டுவந்தார்கள். கண் தெரியாமல் வெட்டிவிட்டான் என்று வரிசை முழுக்கப் பேசியது. நீங்களும் விசாரித்து விபத்து என்றுதான் எழுதினீர்கள். பாடைக்கு நானும் தோள் கொடுத்தேன். பெண்கள் சலோமத்தின் பெட்டியைத் திறந்து வைத்தபோது தாளை எடுத்துச் சட்டைக்குள் வைத்துக்கொண்டேன். அன்றிலிருந்து எதை வரைந்தாலும் ஏழாவது கோட்டில் என் கை நின்றுவிடுகிறது. அதனால்தான் வந்தேன்.

இதோ அந்தத் தாள். அளவுகோல் வைத்துப் பாருங்கள், ஐயா. இணைகோடுகளில் ஒன்றின் குற்றம் அடுத்ததைத் தொடாது. பன்னிரண்டில் பதினொன்று இம்மி பிசகவில்லை. அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.