உண்டா, இல்லையா என்று கேட்ட வழக்கு

அவைக்குத் தலைமையேற்று, அளவாகப் பேசுமாறு எனக்கு ஆணையிட்டிருக்கும் ஆறுமுகப்பெருமாள் அவர்களே! வயலை விட்டு வந்திருக்கும் பெரியோர்களே! வலையை விட்டு வந்திருக்கும் வல்லவர்களே! பெண்பிள்ளையின் படிப்பைப் பெருமையாய்க் கருதும் தாய்மார்களே! தேர்வெழுதப் புறப்படும் மாணவச் செல்வங்களே! தலை தாழ்த்தி வணங்குகிறேன்.

நான் தமிழாசிரியன். யாப்பைக் கேட்டால் சொல்வேன்; சட்டத்தைக் கேட்டால் தடுமாறுவேன். ஆயினும், "எறணாகுளம் கோர்ட்டில் என்னதான் நடந்தது?" என்று என்னையே எழுப்பிவிட்டிருக்கிறீர்கள்!

நம் பெண்கள் ஆசிரியப் பயிற்சிப் பள்ளிக்கு அங்கீகாரம் கேட்டு விண்ணப்பித்தோம். ஆய்வாளர் வந்தார், பார்த்தார், பாராட்டினார், போனார். பதில் வந்ததா? மண்டைக்காட்டுக் கொடைவிழா வந்தது, பதில் வரவில்லை. மழை வந்தது, பதில் வரவில்லை. பெண்களின் படிப்பே முடிய வந்தது, பதில் வரவில்லை! அங்கீகாரம் இல்லாமல் அரசுத் தேர்வு எழுத முடியாது. தேர்வெழுதாதவளுக்கு ஆசிரியை வேலை ஏது? நம் ராஜ்யத்தின் தலைநகர் திருவனந்தபுரம் போய்க் கேட்டால், "பரிசீலனையில் இருக்கிறது" என்றார்கள். கொடுக்கவும் இல்லை, மறுக்கவும் இல்லை. மறுத்தாலல்லவா வாதாடலாம்?

வக்கீல் சிவதாணு, அதோ மேடையோரம் சிரிக்கிறாரே, அவர்தான் வழி சொன்னார்: "புது அரசியல் சட்டத்திலே இடமிருக்கு. எறணாகுளம் ஹைக்கோர்ட்டிலே ரிட் மனு போட்டு, சர்க்காரைப் பதில் சொல்ல வைக்கலாம்." யார் பெயரில் போடுவது? பள்ளி நிர்வாகி தயங்கினார். நாங்களெல்லாம் தரையைப் பார்த்தோம். "எம் பேரிலே போடுங்க" என்று மாணவி லீமா எழுந்தாள். கட்டுமரத்தில் மீன் பிடிக்கும் அவள் தந்தை சிலுவைதாசன் பதறிப்போனார்.

"சர்க்காருக்கு எதிராட்டு கேசா மக்கா? நமக்கு எதுக்கு இந்த வம்பு?"

"சண்டைக்குப் போவல்லப்பா. உண்டா, இல்லியான்னுதான் கேக்கப் போறேன்."

கேட்டாள், அவையோரே! கடலோரத்துக் குடிசைப்பெண் கோர்ட்டார் முன்னே கேட்டாள்! நீதிபதி அரசு வக்கீலைப் பார்த்து, "மறுத்துவிட்டீர்களா?" என்றார். "இல்லை." "கொடுத்துவிட்டீர்களா?" "இல்லை." "அப்படியானால் என்னதான் செய்துகொண்டிருக்கிறீர்கள்?" எல்லாம் ஆங்கிலம்; சிவதாணு என் காதில் தமிழாக்கினார். குறித்த கெடுவுக்குள் முடிவு சொல்லியாக வேண்டும் என்று தீர்ப்பானது. நான் கைதட்ட எழுந்தேன். வக்கீல் என் துண்டைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தார்.

"ஜெயிச்சோமா?" என்றேன்.

"அங்கீகாரம் குடுக்கணும்னு சொல்லல்ல புலவரே. முடிவு எடுக்கணும்னுதான் சொல்லியிருக்கு."

"அப்பம் தோத்துட்டோமா?"

"அதும் இல்ல."

பின்வரிசையில் யார் ஐயா சிரிப்பது? உமக்கு விளங்கிவிட்டதா? எனக்கு ஊர் வந்து சேரும்வரை விளங்கவில்லை! லீமாதான் பஸ்ஸில் கேட்டாள்: "வேண்டாம்னு சொல்லிட்டாங்கன்னா பின்ன என்ன செய்ய, வக்கீல் சார்?"

"காரணம் சொல்லணும் பிள்ளே. காரணம் சரியில்லன்னா திரும்பவும் கோர்ட்டுக்குப் போலாம். சரியா இருந்தா கொறைய தீத்துட்டு மறுபடி கேக்கலாம்."

முடிவும் வந்தது. என்ன முடிவு? மறுப்பு! மாணவிகள் பாடம் நடத்திப் பழகுவதற்கு மாதிரிப் பள்ளி இல்லையாம். நான் இடிந்துபோய் உட்கார்ந்தேன். எறணாகுளம் வரை போனது இதற்குத்தானா? லீமாவும் அழுதாள். அழுதவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு வெடித்தாள்: "இதுதான் கொறையா? மொதல்லே சொல்லியிருந்தா அப்பமே செஞ்சிருப்போமே!"

செய்தோம்! வயல்காரர் மரமும் ஓலையும் தந்தனர், கடற்கரையார் தோள் தந்தனர், கொட்டகை எழுந்தது, குழந்தைகள் நிறைந்தனர். மறுபடி விண்ணப்பித்தோம். ஆய்வாளர் வந்தார். இம்முறை அங்கீகாரமும் வந்தது!

நீதிமன்றமா அங்கீகாரம் தந்தது? இல்லை. நீதிமன்றம் இல்லாமல் வந்திருக்குமா? அதுவும் இல்லை! எண்ண எண்ண எனக்கு இன்றும் தலை சுற்றுகிறது. ஒன்று மட்டும் உறுதியாகத் தெரியும்: வாய் திறவாதிருந்த அரசு, ஒரு வலைஞர் மகள் கேட்டதனால் வாய் திறந்தது! காத்திருப்பதே நம் கடமை என்றிருந்தோம். கேட்பது நம் உரிமை என்று கண்டுகொண்டோம்!

லீமா, கூச்சப்படாதே, எழுந்து நில்லம்மா, அவை உன்னைப் பார்க்கட்டும்! தாய்மார்களே, தட்டுங்கள் கையை! நாளைக் காலை பஸ்ஸில் இவர்கள் தேர்வுக்குப் போகிறார்கள். எல்லோரும் வந்து வழியனுப்புங்கள். பொறுமையாய்க் கேட்ட உங்களுக்கு என் நெஞ்சார்ந்த நன்றி. இன்னும் விளங்காதவர்கள் வக்கீலைப் பிடித்துக்கொள்ளுங்கள், நான் இறங்கிவிடுகிறேன். வணக்கம்!