ஒரு சாண் படிக்கட்டு

உங்கள் மூக்குக்கண்ணாடி இடப்பக்கம் கொஞ்சம் சாய்ந்திருக்கிறது, ஐயா. என் கடையாக இருந்தால் பேச்சோடு பேச்சாக நிமிர்த்திக் கொடுத்திருப்பேன். கண்ணாடிக்கடைக்காரன் கண்ணுக்குக் கோணல் எதுவும் தப்பாது.

பக்கத்து வீட்டு டயர்க்கடை அண்ணனோடு எனக்குப் பகை என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். தங்கமான மனிதர். அவர் சிரித்தால் என் வீட்டுப் பாத்திரங்கள் அதிரும். அவர் மாடிக்குப் போகும் இரும்புப் படிக்கட்டு என் எல்லைக்குள் ஒரு சாண் வந்திருந்தது, அவ்வளவுதான்.

"ஒரு சாண் எடத்துல கப்பலா ஓட்டப் போற, தம்பி?" என்பார். தெருவே சிரிக்கும். நானும் சிரிப்பேன். சிரித்துக்கொண்டேதான் வழக்குப் போட்டேன்.

வழக்கு நடந்த காலமெல்லாம் கலகலப்புக்குக் குறைவில்லை. இருவரும் ஒரே ஆட்டோவில்தான் கோர்ட்டுக்குப் போவோம். உள்ளே ஒருவரையொருவர் கிழிகிழியென்று கிழிப்போம். திரும்பும்போது அவர் தோளில் சாய்ந்து தூங்கிவிடுவேன். "இதுங்க ரெண்டுக்கும் பொழுது போகணும்ல" என்று என் மனைவி அண்ணியிடம் சொல்லுவாள்.

தீர்ப்பு என் பக்கம் வந்தது. படிக்கட்டை அகற்ற வேண்டும். அன்று மாலையே அண்ணன் வந்தார்.

"ஜெயிச்சுட்டே, தம்பி. கொத்தனார்கிட்ட சொல்லிட்டேன். அந்தப் பக்கம் புதுப் படி கட்டினதும் இதை நானே கழட்டிடறேன். சந்தோஷந்தானே?"

தெருவில் எல்லோரும் அவருக்குப் பெரிய மனசு என்றார்கள்.

அதுதான் எனக்குச் சரிப்படவில்லை, ஐயா. ஜெயித்தவன் நான், பேர் அவருக்கு. அவராகக் கழற்றினால் அது தானம். கோர்ட் அமீனா வந்து கழற்றினால்தான் அது தீர்ப்பு. அண்ணனிடம் தலையாட்டிவிட்டு, தீர்ப்பை நிறைவேற்றித் தரச் சொல்லி மனுப் போட்டேன். கோர்ட்டிலிருந்து வந்த நோட்டீசை அவர் பிரித்துக்கூடப் பார்க்கவில்லை. "தம்பியும் நானும் பேசி முடிச்சாச்சு" என்று டிவிக்குப் பின்னால் செருகிவிட்டார்.

அமீனா ஆட்களோடு மத்தியானம் வந்தார். "மேல யாராவது இருக்காங்களா?" என்று கேட்டார்.

"அண்ணி மக வீட்டுக்குப் போயிருக்காங்க. அண்ணன் கடையில."

அண்ணன் கடையில் இல்லை. சாப்பிட்டுவிட்டு மாடியில் படுத்திருந்தார். பாவம், அந்த அமீனாவைத் தொந்தரவு செய்யாதீர்கள். பொய் சொன்னது நான்.

வேலை சத்தமில்லாமல் நடந்தது. "என்னய்யா இது, மரையெல்லாம் வெண்ணெய் மாதிரி கழலுது!" என்று ஆட்களுக்கு ஆச்சரியம். முந்தின நாளே எண்ணெய் விட்டு வைத்திருந்தேன். படிக்கட்டையும் மேலே வாசலை ஒட்டியிருந்த இரும்புத் தட்டையும் கழற்றி வண்டியில் ஏற்றிக்கொண்டு போய்விட்டார்கள்.

அந்த இடத்தைக் கூட்டிவிட்டேன். என் ஜன்னலில் அதுவரை விழாத வெயில் விழுந்தது. மனசே நிறைந்துவிட்டது. உள்ளே போய்க் காப்பி போட்டேன். நுரை பொங்க ஆற்றி, இரண்டு டம்ளரில் ஊற்றி எடுத்துக்கொண்டு வெளியே வந்தேன்.

அண்ணனுக்கு ஒரு பழக்கம். கூப்பிட்ட குரலுக்கு ஓடிவருவார். கீழே பார்க்கவே மாட்டார்.

"அண்ணே, காப்பி ஆறுது. சீக்கிரம் வாங்க" என்றேன்.

"இதோ வந்துட்டேன், தம்பி."

கதவு திறந்தது. என்னைப் பார்த்துச் சிரித்தபடியே காலை எடுத்து வைத்தார். ஆள் அத்தனை பெரியவராக இருந்தும், விழுந்த சத்தம் கொஞ்சந்தான்.

படி இல்லை என்று தெரிந்துதான் கூப்பிட்டேன். அப்படியே எழுதிக்கொள்ளுங்கள், நான் மறைக்கிற ஆள் இல்லை. இன்னொன்றும் எழுதுங்கள். அண்ணன் விழுந்து கிடந்தது முழுக்க என் எல்லைக்குள். அதற்காக அவர்மேல் நான் ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை.